பதினோரு நொடி

என் வேலை ஓர் அட்டையைத் தூக்குவது.
ஒரு பக்கம் 'கைதட்டு', மறுபக்கம் 'சிரி',
இரண்டும் கொட்டை எழுத்தில்.
ரோமில், தொலைக்காட்சி நிலையத்தின் இரண்டாம் அரங்கில்
பத்தொன்பது வருடம் இதைத்தான் செய்தேன்.
ஆகவே வெனேரியோ குவாலாந்தியைப் பற்றிப்
பத்திரிகைக்காரர்கள் எழுதியதை நம்பாதீர்கள்.
அவர்கள் அவனை முன்னாலிருந்து பார்த்தவர்கள்.

கொமாக்கியோவில்
விலாங்கு மீனைக் காடியில் ஊறவைக்கும் கொட்டகைக் கூலி.
பொலோஞாவில் படம் தொடங்குமுன்
கூட்டத்தைச் சமாளிக்க ஓர் ஆள் வேண்டும் என்றார்கள்.
நடனப் பெண்கள் உடை மாற்றும் இடைவெளியில்
வந்து நின்று கதை சொன்னான்.
முதல் வாரம் செருப்பு விழுந்தது,
இடதுகால் மட்டும்.
"ஜோடியாக எறியுங்கள், தம்பிக்கு ஆகும்."
பிழைப்பு அப்படித் தொடங்கியது.

பிறகு சினிமா. முப்பத்து நான்கு படம்.
பதினைந்தில் தட்டைக் கீழே போடும் பணியாள்.
ஏழில் பாதிரி.
நான்கில் பிணம்.
ஒன்றில் கதாநாயகியின் அண்ணன்,
படத்தொகுப்பு மேசையில் அவளுக்கு
அண்ணனே இல்லை என்று முடிவானது.
எதிலும் அவன் குரல் கிடையாது.
அவன் 'ஸ'வில் சதுப்புநீர் சளசளக்கிறதாம்,
ரோம்காரன் ஒருவனைப் பேசவைத்து ஒட்டினார்கள்.
வாய் இவனுடையது,
வார்த்தை ஊரான் வீட்டுச் சொத்து.

அறுபத்தொன்று. சனிக்கிழமை இரவு. நேரலை.
ஒட்ட வழியில்லை.
கொமாக்கியோவில் மதுக்கடையில் ஒரே ஒரு தொலைக்காட்சி,
வீட்டு நாற்காலியைத் தலையில் வைத்துக்கொண்டு போனார்களாம்.
மூன்றாம் வாக்கியத்தில் நின்றான்.
மறந்துவிட்டான்.
கண்ணாடிக்குப் பின்னால் இயக்குநர் கையை ஆட்டுகிறார்.
நான் தூக்கவில்லை. எந்தப் பக்கத்தைத் தூக்க?
காலரைத் தொட்டான்.
காமிராவைப் பார்த்தான்.
சுவர்க் கடிகாரத்தில் பதினோரு நொடி.
அப்புறம் ஊர்ப் பேச்சில், தன் சொந்த ஸகரத்தில்,
"அம்மா, கேட்கிறதா? இது நான்தான்."

அரங்கு சிரித்தது.
அட்டை என் மடியில் கிடந்தது.

அடுத்த வாரமும் மறக்கச் சொன்னார்கள்.
மறந்தான்.
ஒன்பது வருடம், வாரம் தவறாமல் மறந்தான்.
ஒப்பனை அறையில் மற்ற எல்லோருடைய வசனமும்
அவனுக்குத் தலைகீழ்ப் பாடம்.
ஒருநாள் நிஜமாகவே ஒரு வரி மறந்துபோனது.
யாருக்கும் வித்தியாசம் தெரியவில்லை.
அன்றிரவு காரில் சாவி போடாமல் உட்கார்ந்திருந்தான்.
பக்கத்து இருக்கையில் நான்,
மடியில் சுட்ட கஷ்கொட்டைப் பொட்டலம்.
தோல் உரித்து உரித்து எனக்கே கொடுத்தான்.

எண்பதுகளில் மிலானில் தனியார் சேனல்கள்.
அங்கே சிரிப்பு ஒலிநாடாவில் வந்தது.
எனக்கு வேலை போயிற்று,
அவனுக்குச் சம்பளம் மூன்று மடங்கு.
ஜிகினாக் கோட்டு, பின்னால் இறகு வைத்த பெண்கள்.
நாடா அவன் வாய் திறக்குமுன்பே சிரித்தது.
ஐந்தாம் மாதம்
கோட்டைக் கழற்றி ஒலிப்பதிவுப் பெட்டிமேல் போட்டான்,
"இனி இதுவே நடத்தட்டும்."

பிறகு ரிமினிப் பக்கம் ஒரு குட்டி நிலையத்தில்
நள்ளிரவில் மெத்தை விற்றான், படுத்தபடியே.
நிஜமாகத் தூங்கிப்போன இரவில்
எழுபத்தாறு மெத்தை போனதாம்.
சொன்னது அவன்,
பாதியாக்கிக்கொள்ளுங்கள்.

போன மார்ச்சில், பெட்டி தேவாலயத்தை விட்டு வெளியே வந்தது.
தெரிந்த முகம் என்றால்
எங்கள் நாட்டில் சவத்துக்கும் கைதட்டுவோம்.
கூட்டம் பெரிதில்லை. மீன்காரர்கள்,
மெத்தைக் கடை முதலாளியின் மகன்,
பழைய நடனப் பெண்கள் இருவர், ஒருத்தி ஊன்றுகோலுடன்.
யாரும் தொடங்கவில்லை.
பக்கத்து ஆள் தொடங்கட்டும் என்று பக்கத்து ஆள்.
சிலர் என்னைப் பார்த்தார்கள், சத்தியமாக.
என் கை தானே எழும்பியது.
வெறுங்கை.
இறக்கிக்கொண்டேன்.

கால்வாயில் ஒரு படகின் மோட்டார் இருமிவிட்டு நின்றது.
வண்டிக் கதவைத் திறந்து பிடித்தபடி ஓட்டுநர்.
அப்போது ஊன்றுகோல்காரி,
"பொறுங்கள்," என்றாள்,
"மறந்துவிட்டான், இதோ ஞாபகம் வந்துவிடும்."